பட்டாவுக்கு முன்னால் வந்த சாலை

தனுஷ்கோடி போய்வந்தவர்கள் எழுதும் பதிவுகளில் ஒரு வரி தவறாமல் இருக்கும்: ‘நாகரிகம் எட்டிப் பார்க்காத கிராமம்’. கூடவே ஒரு படம். கீற்றுக் குடிசை, பின்னால் நீலக் கடல், முன்னால் இரண்டு பிள்ளைகள். ராமேஸ்வரம் தீவில் பிறந்து வளர்ந்த எனக்கு அந்த வரியைப் பார்த்தாலே எரிச்சல் வரும். நாகரிகம் அந்த ஊரை எட்டிப் பார்க்காமல் இல்லை. வந்தது, ஐம்பது வருடம் தங்கியது, ஒரே ராத்திரியில் போய்விட்டது. அப்புறம் ஐம்பத்து மூன்று வருடம் கழித்து, தார் ரோடாகத் திரும்பி வந்திருக்கிறது.

1914-ல் பாம்பன் ரயில் பாலம் திறந்த பிறகு தனுஷ்கோடி சாதாரண ஊர் இல்லை. எழும்பூரில் ஏறினால் தனுஷ்கோடித் துறையில் இறங்கி, கப்பலில் தலைமன்னார் போய், அங்கே காத்திருக்கும் ரயிலைப் பிடித்துக் கொழும்பு சேரலாம். போட் மெயில் என்பது அதுதான். ஒரே டிக்கெட்டில் இரண்டு நாடு. இர்வின், கோஷன் என்று கப்பல்கள் ஓடின. சுங்க அலுவலகம், தபால் தந்தி, பள்ளிக்கூடம், மாதா கோயில், ரயில்வே குடியிருப்பு எல்லாம் இருந்தன. எங்கள் ஜில்லாவின் பெரும்பாலான ஊர்களில் மாட்டுவண்டி மட்டும் போய்க்கொண்டிருந்த காலத்தில், இந்த மணல் முனையில் வெளிநாட்டுப் பயணிகளின் பெட்டிகளைச் சோதனை போட்டுக்கொண்டிருந்தார்கள்.

1964 டிசம்பர் 22 நள்ளிரவில் வந்த புயல் அதை முடித்துவிட்டது. பாம்பனிலிருந்து கிளம்பிய 653-ம் எண் பயணிகள் ரயில், தனுஷ்கோடியை நெருங்கும்போது நூற்றுக்கும் மேற்பட்டவர்களோடு கடலில் போனது. அந்தப் புயலில் மொத்தம் 1,800 பேருக்கு மேல் இறந்தார்கள் என்று பொதுவாகச் சொல்வார்கள். அதன் பிறகு அரசாங்கம், இது மனிதர் வாழத் தகுதியில்லாத இடம் என்று அறிவித்துவிட்டது. ஸ்டேஷனையும் மாதா கோயிலையும் மணலும் உப்புக்காற்றும் தின்ன ஆரம்பித்தன. மிச்சச் சுவர்கள் இன்றைக்கும் நிற்கின்றன. அவற்றின் முன்னால்தான் எல்லோரும் படம் எடுக்கிறார்கள்.

ஆகவே தனுஷ்கோடியின் தனிமை ஆதிகாலத்துத் தனிமை கிடையாது. அதன் வயது என் அப்பாவின் வயதைவிடக் குறைவு. இதை ஏன் வலியுறுத்துகிறேன் என்றால், ‘நவீனம் வந்து ஒரு பழைய வாழ்க்கையைக் கெடுத்துவிட்டது’ என்று யாராவது உச்சுக் கொட்டினால், அங்கே இருக்கும் கிழவர்களுக்கே அது புரியாது. அவர்கள் ரயில் பார்த்தவர்கள். ரயில் போனதுதான் அவர்களுக்கு இழப்பு.

அப்புறம் ஏன் மீனவர்கள் அங்கே திரும்பி வந்தார்கள்? அரசு வேண்டாம் என்றாலும் கடல் வா என்றது. தீவின் இந்த வால் பகுதி அவ்வளவு ஒடுக்கம். வடக்கே பாக் நீரிணை, தெற்கே மன்னார் வளைகுடா. எங்கள் பக்கத்தில் வடக்கை பெண்கடல் என்றும் தெற்கை ஆண்கடல் என்றும் சொல்வோம். தென்மேற்கிலிருந்து கச்சான் காற்று அடிக்கும் மாதங்களில் தெற்குக் கடல் பொங்கும், வடக்கே அலையே இல்லாமல் கிடக்கும். வாடை தொடங்கினால் அப்படியே தலைகீழ். ஒரு பக்கம் வலை விட முடியவில்லை என்றால் மணலைக் கடந்து மறுபக்கம் போய்விடலாம். வருடம் முழுக்கத் தொழில் இருக்கிற கரை இது. இரண்டு கடலை விட்டுவிட்டு, உள்ளே எங்கேயோ ஒரு காலனி வீட்டுக்கு எந்த மீனவன் போவான்? கம்பிப்பாடு, பாலம் என்று சின்னச் சின்னக் குடியிருப்புகளாகக் கீற்றும் பலகையும் வைத்துக் கட்டிக்கொண்டு அங்கேயே இருந்துவிட்டார்கள்.

அங்கே நடக்கும் தொழில்களில் எனக்குப் பிடித்தது கரைவலை. படகு அதிகம் தேவையில்லாத, ஆள் அதிகம் தேவைப்படும் தொழில். வலையின் ஒரு முனைக் கயிற்றைக் கரையில் விட்டுவிட்டுப் படகு கடலுக்குள் போகும். அரைவட்டமாக வளைத்து வலையைப் போட்டுக்கொண்டே வந்து, மறுமுனைக் கயிற்றைத் தள்ளி இன்னோர் இடத்தில் கரையேற்றும். பிறகு இரண்டு பக்கமும் ஆட்கள் பிடித்து இழுக்க வேண்டும். இடுப்பில் ஒரு பட்டையைக் கட்டி, அதைக் கயிற்றில் மாட்டி, குதிகாலை மணலில் பதித்துப் பின்னால் நடந்து இழுப்பார்கள். கடைசி ஆள் போதுமான தூரம் வந்ததும் கயிற்றிலிருந்து கழன்று, ஓடிப்போய் முன்னால் தண்ணீரோரம் மறுபடி மாட்டிக்கொள்வார். இழுக்க இழுக்க இரண்டு அணியும் நெருங்கி வரும். மணிக்கணக்கில் போகும். அதற்குத்தான் அம்பாப் பாட்டு. ஒருவர் எடுத்துக் கொடுக்க, மற்றவர்கள் ‘ஏலோ’ சேர்க்க, கால் தானாகப் பின்னுக்குப் போகும்.

மீன் சேர்ந்து கிடக்கும் வலையின் மடி கரைக்கு வரும்போது பார்க்க வேண்டும். சூடை, காரல், நெத்திலி, இரண்டு கணவாய், வாலை அடித்துக்கொண்டு ஒரு பாரை, கூடவே பிளாஸ்டிக் பாட்டிலும் அறுந்த செருப்பும். வலைக்குப் பங்கு, படகுக்குப் பங்கு, இழுத்த ஆட்களுக்குப் பங்கு. இதில் எனக்கு முக்கியமாகப் படுவது வேறொன்று. வயசானவர், வேலைக்குப் போக முடியாதவர், புருஷனைக் கடலில் கொடுத்த பெண் என்று யார் வந்து கயிற்றில் கை வைத்தாலும் அன்றைக்குக் குழம்புக்கு மீன் உண்டு. கேட்டு வாங்க வேண்டியதில்லை. முதியோர் உதவித்தொகை மனுவைக் கையில் வைத்துக்கொண்டு தாலுகா ஆபீஸ் வராந்தாவில் உட்கார்ந்திருக்கும் பாட்டிகளைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இந்தக் கயிறு ஞாபகம் வரும்.

இந்தக் கரைவலை இப்போது குறைந்துகொண்டே வருகிறது. யாரும் தடை போடவில்லை. விசைப்படகுகள் கடலின் அடியைச் சுரண்டி எடுப்பதால் கரையோர மீன் குறைந்தது ஒரு காரணம். அதைவிடப் பெரிய காரணம், இழுக்க ஆள் இல்லை. இரண்டு பக்கமும் சேர்த்து நிறையப் பேர் வேண்டும். இளவட்டங்கள் ராமேஸ்வரத்தில் போட்டுக்குப் போகிறார்கள், அல்லது ரோட்டோரம் கடை போட்டிருக்கிறார்கள். மூன்று மணி நேரம் இழுத்துக் கிடைக்கும் பங்கைவிட, ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் ஒரு தட்டுக் கடை சுலபமாகச் சம்பாதித்துக் கொடுக்கும். அவர்கள் கணக்கில் தப்பே இல்லை. ஆனால் கடையில் பாட்டிக்குப் பங்கு கிடையாது.

இப்போது இழுப்பதற்கு வேறு ஆட்கள் வருகிறார்கள். சுற்றுலா வந்தவர்கள்! கயிறு இழுப்பதைப் பார்த்ததும் நாலு பையன்கள் பேண்டை மடித்துவிட்டு ஓடிவருவார்கள். ஒருவன் போனில் எடுப்பான், மூன்று பேர் இழுப்பது மாதிரி நிற்பார்கள். ஒருமுறை இப்படி நின்றவர்களைப் பார்த்து ஒரு பெரியவர், “புடிச்சதுதான் புடிச்சிய, நல்லா இழுங்கப்பா. படம் அப்பறம் எடுக்கலாம்” என்றார். பையன்கள் நிஜமாகவே இழுத்தார்கள். கால் மணி நேரத்தில் கை சிவந்துபோய், அண்ணே போதும்ணே என்று உட்கார்ந்துவிட்டார்கள். பெரியவர் போகும்போது அவர்களுக்கும் ஒரு கை மீனை அள்ளி நீட்டினார். ‘வேண்டாம் தாத்தா, லாட்ஜில் தங்கியிருக்கோம், எங்க வெச்சுச் சமைக்கிறது’ என்று கூச்சத்தோடு நின்றார்கள். பங்கு பங்குதான் என்று வலுக்கட்டாயமாகக் கொடுத்தனுப்பினார்.

சாலைக்கு வருகிறேன். முகுந்தராயர் சத்திரத்தோடு தார் ரோடு முடிந்துவிடும் காலம் ஒன்று இருந்தது. அதற்கு மேல் மணலும் சேறும் கடல்நீரும்தான். போக வேண்டுமென்றால் ஜீப், இல்லையென்றால் உருக்குலைந்த வேன்கள். டயரில் காற்றைக் குறைத்துக்கொண்டு, எந்த நேரத்தில் எந்த இடத்தில் தண்ணீர் ஏறியிருக்கும் என்று பார்த்து, போன வாரம் இருந்த தடம் இந்த வாரம் இருக்காது என்பதையும் கணக்கில் வைத்து ஓட்டுவார்கள். மழை மாதங்களில் பாதி வழி முழங்கால் தண்ணீர். சுற்றுலாப் பயணிகளுக்கு அது சாகசம். பிரசவ வலியோடு இருக்கும் பெண்ணுக்கும் அதே வேன்தான், அதே குலுக்கல்தான்.

2017 ஜூலை 27 அன்று, கலாம் நினைவிடம் திறக்கப்பட்ட அதே நாளில், முகுந்தராயர் சத்திரத்திலிருந்து தீவு முடியும் அரிச்சல்முனை வரை சுமார் ஒன்பதரை கிலோமீட்டர் சாலையைப் பிரதமர் நாட்டுக்கு அர்ப்பணித்தார். இரண்டு பக்கமும் கடல், நடுவில் நேர்கோடாக ரோடு. அன்றிலிருந்து அந்தக் கோட்டைப் படம் எடுக்காத டிரோன் இல்லை. வேன்காரர்களுக்கு மட்டும் அதோடு பிழைப்பு போனது. ரோட்டில் ஓட்ட யாருக்கும் மணலைத் தெரிந்திருக்க வேண்டியதில்லை. சிலர் வண்டியை விற்றுவிட்டு ஆட்டோ வாங்கினார்கள்.

சாலையால் வந்த நன்மையைச் சொல்லாமல் குறையை மட்டும் அடுக்குவது எனக்குப் பிடிக்காது. வெளியூரில் குளிர்சாதன அறையில் உட்கார்ந்துகொண்டு, அவர்கள் அப்படியே இருக்கட்டும் என்று விரும்புவது சுலபம். அந்த ஊரில் ஒரு பெண்ணைக் கேட்டுப் பாருங்கள். பாம்பு கடித்தால் ஆம்புலன்ஸ் வாசல் வரை வருகிறது. முன்பெல்லாம் மீன் அதிகம் பட்டுவிட்டால் கருவாடு போடுவதைத் தவிர வழியில்லை, அல்லது சொன்ன விலைக்கு வியாபாரியிடம் தள்ளிவிட வேண்டும். இப்போது ஐஸ் பெட்டியோடு வண்டி கரைக்கே வருகிறது. பிள்ளைகள் விஷயம் இன்னும் பெரிது. ஊரில் இருப்பது அரசு நடுநிலைப் பள்ளி. எட்டு முடித்தால் ராமேஸ்வரம்தான். வேன் காலத்தில் பெண்பிள்ளைகளில் பலருக்குப் படிப்பு எட்டோடு நின்றது. இப்போது பஸ் போகிறது. டூரிஸ்ட்டுகளுக்காக விட்ட பஸ்தான், கூட்டத்தில் இடம் கிடைக்காது, ஆனாலும் சீருடையில் பிள்ளைகள் அதில் தொங்கிக்கொண்டாவது போய்விடுகிறார்கள்.

புயல் என்று வந்தால் இந்தச் சாலையின் மதிப்பே வேறு. 1964-ல் ஊருக்கு எச்சரிக்கை சரியாகப் போய்ச் சேரவில்லை, சேர்ந்திருந்தாலும் ராத்திரியில் ஓட வழியில்லை. 2020 டிசம்பரில் புரெவி புயல் இலங்கையைக் கடந்து பாம்பன் பக்கம் வந்தபோது, ஊரையே வண்டிகளில் ஏற்றி முன்கூட்டியே முகாமுக்குக் கொண்டுபோய்விட்டார்கள். புயல் நல்லவேளையாக மன்னார் வளைகுடாவிலேயே வலுவிழந்தது. வலுவோடு வந்திருந்தாலும் இந்தமுறை குடிசைகள்தான் போயிருக்கும். எந்தச் சாலையையும் நியாயப்படுத்த எனக்கு இது ஒன்றே போதும்.

சரி, அப்படியானால் எனக்கு என்ன பிரச்சினை? எது முதலில் வந்தது என்பதில்தான் பிரச்சினை.

ஒன்பதரை கிலோமீட்டர் தேசிய நெடுஞ்சாலை வந்த ஊரில், வீட்டுக்குப் பட்டா இல்லை. வாழத் தகுதியில்லாத இடம் என்று 1964-க்குப் பிறகு எழுதிய எழுத்து காகிதத்தில் அப்படியே நிற்கிறது. கடற்கரை ஒழுங்குமுறை விதிகள் 1991-லிருந்து இருக்கின்றன. அலைக்கு இத்தனை மீட்டருக்குள் கட்டக்கூடாது என்பவை. நல்ல விதிகள்தான், எங்கள் கரைக்கு அவசியமானவையும்கூட. ஆனால் அந்த விதிகளைத் தாண்டிச் சாலை போட ஒரு வழி கண்டுபிடிக்க முடிகிறது, அரிச்சல்முனையில் வண்டி திரும்பும் வளைவில் சிங்கத் தூண் நிறுத்த முடிகிறது, ஒரு கிழவி தன் கீற்றுக் கூரையை ஓட்டுக் கூரையாக்க மட்டும் வழியே இல்லை. அரசின் கண்ணுக்கு அங்கே பார்க்க வருபவர்கள் இருக்கிறார்கள், வாழ்பவர்கள் இல்லை.

மின்சாரமும் அப்படித்தான். சாலை வந்தபோது கம்பி கூடவே வரவில்லை. சோலார் பலகை வைத்துத்தான் வீடுகளில் விளக்கு எரிந்தது. நாலு பல்பு, போன் சார்ஜ், கொஞ்சம் டிவி. ஃபிரிட்ஜ் பற்றிப் பேசக்கூடாது. மேகமூட்டமாக இருக்கும் கார்த்திகை மாதத்தில் ராத்திரி எட்டு மணிக்கே பேட்டரி உட்கார்ந்துவிடும். உப்புக்காற்றில் ஒயர் நுனியெல்லாம் பச்சை பிடிக்கும். அதைச் சுரண்டிச் சுரண்டி மாட்டுவது வீட்டுக்கு வீடு பையன்களின் வேலை. 2022-ல் அங்கே புதிய கலங்கரை விளக்கம் திறந்தார்கள். ஐம்பது மீட்டர் உயரம். ராத்திரியில் அதன் வெளிச்சம் சுற்றிச் சுற்றிக் கூரைகளின் மேலே போகும். “எங்க வீட்டுக்கு நேரா ஒரு நிமிசம் நிப்பாட்டச் சொல்லணும், சோறு தின்னுக்கிறோம்” என்று ஒரு மதினி சொல்லிச் சிரித்தார். எனக்கும் சிரிப்பு வந்தது.

செல்போன் மட்டும் யாரையும் கேட்காமல் வந்துவிட்டது. அதிலும் ஒரு கூத்து: அரிச்சல்முனை பக்கம் போனால் ‘இலங்கைக்கு நல்வரவு’ என்று குறுஞ்செய்தி வரும், இலங்கை டவர் அவ்வளவு பக்கம். முப்பது கிலோமீட்டர்கூட இல்லை. கப்பல் போக்குவரத்து நின்று, 1974-லும் 76-லும் கடலில் எல்லைக் கோடு போட்டு, அகதிகள் வந்து, படகுகள் பிடிபட்டு என்று இரண்டு கரைக்கும் நடுவில் என்னென்னவோ நடந்துவிட்டது. டவருக்கு அதெல்லாம் தெரியாது.

நான் உண்மையில் பயப்படுவது தண்ணீரை நினைத்துத்தான். இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், ஏனென்றால் சாலையில் காரில் வருபவர்கள் கண்ணில் இது படவே படாது.

தனுஷ்கோடியில் குடிதண்ணீர் என்றால் ஊற்று. கடலிலிருந்து நடந்துபோகும் தூரத்தில், சில இடங்களில் அலைச் சத்தம் காதில் விழும் தூரத்திலேயே, பெண்கள் மணலில் குழி தோண்டுவார்கள். கையால்தான். முழங்கை ஆழம், சில இடத்தில் இன்னும் கொஞ்சம். பக்கத்து மணல் சரியாமல் கையால் அணைத்துக்கொண்டு காத்திருந்தால், அடியில் தண்ணீர் கசிய ஆரம்பிக்கும். முதலில் கலங்கலாக வரும். அதைச் சிரட்டையால் இறைத்து வெளியே ஊற்றிவிடுவார்கள். இரண்டாவது தடவை ஊறுவது தெளிந்து வரும். அதைச் சிரட்டை சிரட்டையாக மோந்து குடத்தில் ஊற்றி, வாயில் துணி கட்டி எடுத்துப்போவார்கள். குடித்துப் பாருங்கள்: உப்பே இருக்காது. சுற்றிலும் கடல், நடுவில் நல்ல தண்ணீர்! முதல்முறை பார்ப்பவர்கள் ராமர் அருள் என்பார்கள், மாதா புதுமை என்பார்கள்.

விஷயம் எளிமையானது. மழைநீர் மணலில் இறங்கும். நல்ல தண்ணீர் உப்புத் தண்ணீரைவிட எடை குறைவு என்பதால், அடியில் இருக்கும் கடல்நீரின் மேல் மிதந்து நிற்கும். மணல் மேடு அதைப் பொத்திவைத்திருக்கும். இதில் முக்கியம், அளவு. கடல்மட்டத்துக்கு மேலே நல்ல தண்ணீர் ஒரு அடி நின்றால், அதற்குக் கீழே சுமார் நாற்பது அடிக்கு நல்ல தண்ணீர் தாங்கி நிற்கும் என்று நிலத்தடி நீர் படித்தவர்கள் கணக்குச் சொல்வார்கள். மேலே ஒரு அடி குறைந்தால் கீழே உப்பு நாற்பது அடி ஏறிவரும். அதனால்தான் மெல்ல எடுக்க வேண்டும், ஆழமில்லாமல் எடுக்க வேண்டும், ஒரே இடத்தில் உறிஞ்சக்கூடாது. ஊற்றுத் தோண்டும் அக்காக்களுக்கு இந்தக் கணக்கு தெரியாது. ஆனால் “ரொம்பத் தோண்டாத, உவர்ப்புப் பிடிச்சிரும்” என்று மகளின் கையைத் தட்டிவிடத் தெரியும். இரண்டும் ஒன்றுதான். ஒரு குழி லேசாகக் கரித்தால் அதை மூடிவிட்டு வேறு பக்கம் போவார்கள். பழைய குழி தேறிவர விட்டுவிடுவார்கள்.

இந்த மணலின் மேல்தான் விடுமுறை நாட்களில் கூட்டம் கூட்டமாக வண்டிகள் வந்து நிற்கின்றன. வருகிறவர்களுக்குக் கை கழுவத் தண்ணீர் வேண்டும், கழிப்பறை வேண்டும். கழிப்பறை போதாது என்பதால் மணல்மேட்டின் மறைவு. கழிவு எங்கே போகும்? மழைநீர் போன அதே வழியில்தான். நாளைக்கு யாராவது ஒரு மோட்டாரைப் போட்டு ஆழ்துளை இறக்கினால், ஒரு கோடையில் சுற்று வட்டாரம் முழுக்க உப்பாகிவிடும். அதைத் திரும்ப நல்ல தண்ணீராக்க நம்மிடம் எந்தப் பொறியியலும் கிடையாது, பல வருட மழைதான் உண்டு. லாரியில் தண்ணீர் கொண்டுவரலாம், கேன் விற்கலாம், விற்கவும் விற்கிறார்கள். அப்போது இலவசமாகக் கிடைத்துக்கொண்டிருந்த ஒன்றே ஒன்றுக்கும் அந்தப் பெண்கள் காசு கொடுக்க வேண்டியிருக்கும்.

சாலைக்கு எத்தனை கோடி என்று பலகை வைத்தார்கள். அதில் ஒரு துண்டைத் தண்ணீருக்கும் கழிவுக்கும் முதலிலேயே எடுத்து வைத்திருந்தால்? முதலில் அங்கே மனிதர்கள் குடியிருக்கிறார்கள் என்று காகிதத்தில் ஒப்புக்கொண்டிருந்தால்? அதன் பிறகு எத்தனை பேர் வந்தாலும், வா என்று சொல்லவும், போதும் என்று சொல்லவும் ஊருக்கு ஒரு குரல் இருந்திருக்கும். இப்போது இருக்கும் ஒரே கட்டுப்பாடு, சாயங்காலம் ஆனதும் போலீஸ் எல்லோரையும் கிளப்பி அனுப்புவது மட்டும்தான்.

2025 ஜூன் 5 அன்று தனுஷ்கோடியில் பூநாரைச் சரணாலயம் அறிவித்தார்கள். சுமார் 525 ஹெக்டேர். குளிர்காலத்தில் பூநாரைகள் அந்த ஆழமில்லாத தண்ணீரில் தலையைக் கவிழ்த்து மேய்வதைச் சின்ன வயதிலிருந்து பார்த்தவன் என்பதால் எனக்கு இதில் சந்தோஷம்தான். ஜீப்காரர்களும் டிரோன்காரர்களும் அவற்றை விரட்டி விரட்டிப் பறக்கவைத்துப் படம் எடுப்பதாவது நிற்கும். ஆனால் ஊருக்குள் இதைப் பற்றிப் பேச்செடுத்தால் முதலில் வரும் கேள்வி வேறு: “வலை இழுக்க விடுவாங்களா தம்பி?” இந்தக் கேள்விக்கு ஒரு முன்கதை உண்டு. 2001-ல் கடல் அட்டை பிடிக்கத் தடை வந்தபோது, அது ஏன், எதுவரை, அதை நம்பிப் பிழைத்தவன் இனி என்ன செய்வது என்று யாரும் கரையில் உட்கார்ந்து பேசவில்லை. ஒருநாள் வரை தொழில், மறுநாள் குற்றம். பறவைக்கு இடம் ஒதுக்கி எல்லை அளக்க முடிகிற நிலத்தில் மனிதனுக்கு நாலு சென்ட் அளக்க முடியாதா என்று அவர்கள் கேட்டால், பறவையின் மேல் கோபம் என்று அர்த்தம் இல்லை.

ரயில் வேறு திரும்பி வரப்போகிறது என்றார்கள். 2019-ல் ராமேஸ்வரம்-தனுஷ்கோடி பாதைக்கு அடிக்கல்லும் நாட்டியாயிற்று, தண்டவாளத்தைத்தான் காணோம். வந்தால் நல்லதா என்று கேட்டால் எனக்கு உண்மையிலேயே இரண்டு மனசு. பழைய ஸ்டேஷனில் சின்னப் பையனாக வேர்க்கடலை விற்ற ஒரு தாத்தா இருக்கிறார்; அவருக்கு ஒரே மனசுதான், வர வேண்டும். எதற்குத் தாத்தா என்றால், “எதுக்குன்னா? வேற எதுல ஏறிச் சும்மா மதுரைக்குப் போய்ட்டு வர்றது?” என்கிறார்.

இதையெல்லாம் படித்துவிட்டு, அப்படியானால் தனுஷ்கோடிக்கு வரலாமா கூடாதா என்று கேட்பீர்கள். தாராளமாக வாருங்கள். மீன் வறுவல் ரோட்டோரக் குடிசைக் கடைகளில் சாப்பிடுங்கள். காலையில் பிடித்ததுதானா என்று கேட்க வேண்டாம், ஃபிரிட்ஜ் இல்லாத ஊரில் வேறு எப்போது பிடித்திருக்க முடியும். சங்கும் சிப்பியும் பெரும்பாலும் ராமேஸ்வரத்தில் மொத்தமாக வாங்கி வந்து விற்பவை என்று கடைக்காரம்மாவே சொல்லிவிடுவார். ஆனாலும் ஒன்று வாங்குங்கள், பேரம் பேசாமல். கழிப்பறை வேலையை ராமேஸ்வரத்திலேயே முடித்துக்கொண்டு கிளம்புங்கள். காலிப் பாட்டிலைத் திரும்ப எடுத்துப் போங்கள். குடிசைகளின் பின்பக்கம் மணலில் சின்னக் குழி தெரிந்து, அதில் தண்ணீர் ஊறிக்கிடந்தால், தயவுசெய்து அதில் கால் கழுவாதீர்கள். போன பொங்கல் விடுமுறையில் ஒருவர் கழுவினார். ஒன்றுமே சொல்லாமல் அந்த அக்கா குழியை மூடிவிட்டு, பத்தடி தள்ளிப் போய் வேறொன்று தோண்ட ஆரம்பித்தார்.